முனையும் துறையும்: கல்முனைக் கரையோர ஊர்ப்பெயர்கள்

ஓர் ஊரின் வரலாற்றை அறிய விரும்புவோர் முதலிற் கல்வெட்டைத் தேடுவர்; அது கிடையாவிடின் ஏட்டைத் தேடுவர்; ஏடும் கிடையாவிடின் முதியோர் வாய்மொழியைக் கேட்பர். இம்மூன்றினும் எளிதிற் கிடைக்கும் சான்று ஒன்று உண்டு. அது அவ்வூர் மக்களின் நாவிலே நாள்தோறும் பயின்று வருவது. பேருந்தின் நெற்றியிலும் கடைப் பலகையிலும் கடித உறையிலும் எழுதப்படுவது. அதுவே அவ்வூரின் பெயர். நாள்தோறும் வழங்குவதனாலேயே அதன் பொருளை எவரும் எண்ணிப் பார்ப்பதில்லை. காலடியிற் கிடக்கும் பழங்காசை மிதித்துச் செல்வோர் போல, ஊர்ப்பெயரைச் சொல்லிக்கொண்டே அதனைக் கடந்து சென்றுவிடுகின்றோம்.

தமிழ்நாட்டு ஊர்ப்பெயர்களை ஆராய்ந்து இரா. பி. சேதுப்பிள்ளை அவர்கள் எழுதிய 'ஊரும் பேரும்' 1946ஆம் ஆண்டில் வெளிவந்தது. மலையும் ஆறும், குடியும் படையும், தேவும் தலமும் எவ்வாறு ஊர்ப்பெயர்களிலே தங்கி நிற்கின்றன என்பதை அந்நூல் தமிழுலகிற்குக் காட்டிற்று. அத்தகைய நோக்கோடு கிழக்கிலங்கையின் கரையோரத்தைப் பார்ப்பின், கல்முனையைச் சூழ்ந்த ஊர்கள் ஒவ்வொன்றும் நிலத்தின் ஓர் இயல்பைத் தன் பெயரிலே பொதிந்து வைத்திருத்தல் புலனாகும்.

மட்டக்களப்பு நகருக்குத் தெற்கே ஏறத்தாழ 40 கிலோமீட்டர் தொலைவிற் கல்முனை அமைந்துள்ளது. வடக்கிலிருந்து கடலோரப் பெருவீதி வழியே வருவோர் பெரியநீலாவணை, மருதமுனை, பாண்டிருப்பு ஆகிய ஊர்களைக் கடந்து கல்முனையை அடைவர். அதன் தெற்கே கல்முனைக்குடி, சாய்ந்தமருது, மாளிகைக்காடு, காரைதீவு, நிந்தவூர், ஒலுவில், பாலமுனை, அட்டாளைச்சேனை, அக்கரைப்பற்று என ஊர்கள் நிரல்பட நிற்கின்றன. மேற்கே, வயல்களின் நடுவே நற்பிட்டிமுனையும் சம்மாந்துறையும் இறக்காமமும் உள்ளன. இன்னும் தெற்கே சென்றால் தம்பிலுவில், திருக்கோவில், பொத்துவில் என்பன வரும். முஸ்லிம்கள் வாழும் ஊர்களும் இந்துக்களான தமிழர் வாழும் ஊர்களும் மாலையிற் கோத்த இருநிற மணிகள் போல மாறிமாறி வருவது இக்கரையின் தனித்தன்மை. இரு சாராரின் வீட்டு மொழியும் தமிழே.

இந்நிலத்தின் அமைப்பை முதலில் மனத்திற் கொள்ளுதல் வேண்டும். கிழக்கே வங்காள விரிகுடா. அதன் கரையிலே ஒடுங்கிய மணற்றிடல். அத்திடலின் மேலேதான் ஊர்கள் நெருங்கிக் கிடக்கின்றன. திடலுக்கு மேற்கே தாழ்ந்த சேற்றுநிலமும் வாவியும் வயலும் பரந்துள்ளன. ஏறத்தாழ 56 கிலோமீட்டர் நீளமுடைய மட்டக்களப்பு வாவியின் தென்கோடி கல்முனையை அண்மித்தே முடிகின்றது. உள்நாட்டு மலைச்சாரலிற் பிறந்து கிழக்கு நோக்கி ஓடிவரும் பட்டிப்பளை ஆறு, சமவெளியை அடைந்ததும் பல கால்களாகப் பிரிந்து வயல்களை நனைத்துக் கடலை நாடுகின்றது. நிந்தவூருக்கும் ஒலுவிலுக்கும் இடையே பாலத்தின் கீழ் ஓடும் களியோடை அத்தகைய நீர்வழிகளுள் ஒன்று. களிமண் கரைந்து வரும் ஓடை களியோடை. பெயரே தன் பொருளைச் சொல்லி நிற்கின்றது.

வடகீழ்ப் பருவப்பெயர்ச்சி மழை பெய்யும் மாதங்களில் இத்தாழ்நிலம் முழுவதும் நீர்க்காடாகும். கோடையிலே கடலலை மணலை வாரிக் குவித்து ஆற்றின் வாயை அடைத்துவிடும். மாரி வெள்ளம் பெருகும்போது அம்மணலணை தானே உடையும். உடையாவிடின் வயல்களைக் காக்கும் பொருட்டு மக்கள் அதனை வெட்டி விடுவர். சாய்ந்தமருதிலும் அயலூர்களிலும் 'தோணா' என்று வழங்கப்படும் ஒடுங்கிய நீர்நிலையும் இவ்வாறே வெள்ளக் காலத்திற் கடலோடு கலந்து, கோடையில் அடைபட்டுக் கிடப்பது. எனவே இங்கு நிலம் எது, நீர் எது என்னும் எல்லை ஆண்டுதோறும் மாறுவதாகும். இத்தகைய நாட்டிலே குடியேறிய மனிதன், மேட்டையும் முனையையும் துறையையும் கண்டு அவற்றுக்குப் பெயரிட்டான் என்பதில் வியப்பில்லை.

ஊர்ப்பெயரை ஆராய்வோர் முதலில் அதன் பிற்பகுதியை நோக்குதல் நன்று. பிற்பகுதி பொதுவானது, அது நிலத்தின் வகையைக் கூறும். முற்பகுதி சிறப்பானது, அது ஓரிடத்தை அதுபோன்ற பிற இடங்களினின்றும் பிரித்துக் காட்டும். கல்முனை, மருதமுனை, பாலமுனை, நற்பிட்டிமுனை, வீரமுனை என ஒரு சிறு வட்டாரத்தினுள்ளேயே முனைகள் பல உள்ளன. வடக்கே மட்டக்களப்பு வாவியின் கரையில் மண்முனை உண்டு. முனை என்பது நீருக்குள் நீண்டிருக்கும் நிலத்தின் கூர். ஆயினும் இம்முனைகள் எல்லாம் கடலை நோக்கியவை எனக் கொள்ளுதல் பொருந்தாது. நற்பிட்டிமுனையும் வீரமுனையும் கடலை விட்டு உள்ளே அமைந்தவை. வாவியையும் வெள்ளநீரையும் நோக்கி நின்ற மேட்டுநிலக் கூர்களையும் மக்கள் முனை என்றே வழங்கினர் எனக் கொள்ளல் வேண்டும். கரையை நிலத்தின் மீது நின்று நோக்கியவர்களைக் காட்டிலும், தோணியிலிருந்து நோக்கியவர்களுக்கே இப்பெயர் முதலில் தோன்றியிருக்கக்கூடும்.

மண்முனை, கல்முனை என்னும் இரு பெயர்களையும் அருகருகே வைத்துப் பார்த்தல் பயன்தரும். ஒன்று மண்ணாலாகிய முனை. மற்றொன்று கல்லுடைய முனை. மணலும் சேறுமே பரந்து கிடக்கும் ஒரு கரையிலே கல் அரிய பொருள். எங்கும் இருப்பது பெயராவதில்லை. அங்கே மட்டும் இருப்பதே பெயராகும். மலைநாட்டிற் கல்லைக் கொண்டு ஓர் ஊரை அடையாளங் காட்டுதல் அரிது. மணற்கரையில் ஒரு கற்பாறையோ எல்லைக் கல்லோ பல கல் தொலைவுக்கு அடையாளமாகும். கல்முனை என்னும் பெயர் அத்தகைய ஓர் அடையாளத்தினின்றும் தோன்றியது எனக் கருதுவது இயல்பான விளக்கமாகும்.

நற்பிட்டிமுனையிலே வரும் 'பிட்டி' என்பது மேடான திடல். வெள்ளம் ஏறாத நல்ல மேடு நற்பிட்டி. குடியிருப்பதற்கும் நெல்லைக் காய வைப்பதற்கும் மாட்டைக் கட்டுவதற்கும் வேண்டிய முதற்பொருள் அதுவே. மழைக்காலத்தில் அப்பக்கம் சென்றோர்க்கு 'நல்' என்னும் அடைமொழியின் அருமை விளங்கும்.

இனி மரங்களைக் கூறும் பெயர்களை நோக்குவோம். சாய்ந்தமருது என்னும் பெயருக்கு உரை வேண்டுவதில்லை. சாய்ந்து நின்ற ஒரு மருதமரம் ஊருக்குப் பெயராயிற்று. மருதமுனை மருதமரம் நின்ற முனை. இவ்விரு பெயர்களும் வழிப்போக்கருக்கு அடையாளங் கூறியதோடு அமையாமல் வேறொரு செய்தியையும் சொல்கின்றன. மருதமரம் மணற்கரையிலே தானாக வளரும் மரமன்று. அது நன்னீரை நாடுவது. ஆற்றங்கரையிலும் குளக்கரையிலும் வேரை நீருக்குள் விட்டு, வழவழப்பான வெண்பட்டையோடு பருத்து நிற்பது. சிங்கள மக்கள் அதனைக் கும்புக் என்பர். இலங்கையின் வறண்ட வலயத்து ஆறுகள் பலவற்றின் கரையிலும் அதனைக் காணலாம். ஆகவே கடலோசை கேட்கும் இவ்வூர்களின் பெயரில் மருது இடம்பெற்றிருத்தல், உப்புக்காற்று வீசும் அத்திடலின் பின்புறத்தே நன்னீர் ஓடிற்று அல்லது தேங்கிற்று என்பதற்குச் சான்றாகும். அந்தச் சாய்ந்த மரம் இன்றில்லை. எனினும் அது எத்தகைய ஈரத்தில் நின்றது என்பதை ஊர்ப்பெயர் இன்றும் சொல்லுகின்றது.

தமிழ் மரபிலே மருதம் என்பது வயலும் வயல்சார்ந்த நிலமும். நெய்தல் என்பது கடலும் கடல்சார்ந்த நிலமும். இலக்கணம் கற்போர் இவ்விரு திணைகளையும் வெவ்வேறாகவே கற்கின்றனர். கல்முனைக் கரையிலோ ஒரு வீதியே இரண்டையும் பிரிக்கின்றது. வீதியின் கிழக்கே கரைவலை இழுப்போர். மேற்கே நெல் அறுப்போர். ஒரே குடும்பத்தில் அண்ணன் தோணியிலும் தம்பி வயலிலும் தொழில் செய்தல் இங்கு இயல்பு. மூன்றாவது தொழிலாக மருதமுனையில் நெசவு சிறந்து விளங்குகின்றது. அவ்வூர்க் கைத்தறிச் சேலையும் சாரமும் இலங்கை முழுவதும் பெயர்பெற்றவை.

நிலம் எவ்வளவு மாறக்கூடியது என்பதை மிக நன்றாகக் காட்டுவது சம்மாந்துறை. துறை என்பது நீரிற் கலங்கள் நிற்குமிடம். மனிதர் நீரில் இறங்குமிடம். சம்மான் என்பது சிறு மரக்கலத்தின் பெயர். மலாய்க்காரர் சம்பான் என வழங்கும் சொல்லின் தமிழ் வடிவம் அது எனவும், அச்சொல் சீனத்திலிருந்து வந்தது எனவும் மொழியறிஞர் கூறுவர். எனவே சம்மாந்துறை என்பது சம்மான்கள் நின்ற துறை. தென்னிலங்கையில் உள்ள அம்பாந்தோட்டையின் பெயரும் இவ்வாறே விளக்கப்படுகின்றது. சிங்களத்தில் 'தொட்ட' என்பது துறையைக் குறிக்கும். சம்பான் என்பது அங்கு ஹம்பன் எனத் திரிந்தது என்பர். அவ்வாறாயின் ஒரு மொழியில் அம்பாந்தோட்டையும் மற்றொரு மொழியிற் சம்மாந்துறையும் ஒரே பொருளுடைய இரட்டைப் பெயர்களாகும்.

ஆனால் ஒரு வேறுபாடு உண்டு. அம்பாந்தோட்டை இன்றும் கடற்கரையிலே நிற்கின்றது. சம்மாந்துறையோ கடலிலிருந்து சில கிலோமீட்டர் உள்ளே, கண்ணுக்கெட்டிய தூரம் நெல்வயல் சூழ நிற்கின்றது. இன்று அங்கே செல்வோர் எந்தக் கப்பலையும் காணார். அறுவடைக் காலத்து நெல்மூட்டை ஏற்றிய வண்டிகளையே காண்பர். அப்படியாயின் துறை எங்கே? ஆற்றின் கால்களும் வாவியின் கைகளும் முன்னாளில் அவ்வூர் வரையிற் கலம் செல்லத்தக்க ஆழத்தோடு இருந்திருத்தல் வேண்டும். ஆண்டுதோறும் வந்த வெள்ளம் கொணர்ந்த வண்டல் அந்நீர்வழியை மெல்ல மெல்ல நிரப்பிற்று. கலம் நின்ற இடத்திற் கதிர் நின்றது. நீர் போய்விட்டது, துறை என்னும் சொல் போகவில்லை. ஆங்கில நாட்டின் ஒக்ஸ்போர்ட் எருதுகள் ஆற்றைக் கடந்த துறை என்னும் பொருளது. ஜெர்மனியின் பிராங்போர்ட் பிராங்கர் என்னும் குலத்தார் கடந்த துறை என்னும் பொருளது. எருதும் குலமும் மறைந்த பின்னும் அப்பெயர்கள் நிற்பது போலவே சம்மாந்துறையும் நிற்கின்றது.

ஒலுவில், தம்பிலுவில், பொத்துவில் என்னும் பெயர்களில் வரும் 'வில்' போர்க்கருவியன்று. அது இயற்கையாக அமைந்த சிறு நீர்நிலை. யாழ்ப்பாணத்துக் கொக்குவிலும் இணுவிலும் அதே ஈற்றை உடையவை. சிங்களத்தில் 'வில' என்பதும் அப்பொருளதே. அம்மொழியில் 'ஓலு' என்பது அல்லிவகைகளுள் ஒன்று. ஒலுவில் அல்லி பூத்த பொய்கையாதல் கூடும் எனக் கொள்வார் இரு மொழியையும் துணைக்கொண்டு பொருள் காண்கின்றனர். இறக்காமம் என்பதில் வரும் 'காமம்' கதிர்காமத்திலும் வருவது; ஊரைக் குறிக்கும் 'கம' என்னும் சிங்களச் சொல்லோடு தொடர்புடையது. அவ்வூருக்கு அண்மையில் உள்ள தீகவாபி பாளி நூல்களிற் குறிக்கப்பெற்ற பழம்பதி. அதன் பெயருக்கு நீண்ட வாவி என்பது பொருள். இவ்வாறு தமிழும் சிங்களமும் பாளியும் இவ்வட்டாரத்தில் வெவ்வேறு காலத்திற் பெயரிட்டபோதும், மூன்றும் கண்டது நீரையே.

பொத்துவிலுக்கு அண்மையில் உள்ள அறுகங்குடா இன்று அலைச்சறுக்கு விளையாட வரும் மேலைநாட்டார் நாவிலும் பயில்கின்றது. குடா கடல் உள்வாங்கிய வளைவு. அறுகு மங்கல நாளிலே தலையில் வைக்கும் புல். காரைதீவிலே காரை என்னும் முட்செடியும் தீவு என்னும் நிலவகையும் சேர்ந்துள்ளன. நாற்புறமும் கடல் சூழ்ந்திருந்தாலன்றித் தீவாகாது எனக் கருதவேண்டா. ஒருபுறம் கடலும் மறுபுறம் ஆற்றுக்காலும் சதுப்பும் சூழ்ந்த மேட்டையும் தீவு எனல் நாட்டு வழக்கு. முத்தமிழ் வித்தகர் சுவாமி விபுலானந்தர் 1892ஆம் ஆண்டில் இவ்வூரிலே பிறந்தார். யாழ்ப்பாணத்திலும் இதே பெயரோடு ஒரு தீவு இருந்தது. அது 1920களிற் காரைநகர் எனப் பெயர் மாற்றம் பெற்றது. கிழக்கிலுள்ள காரைதீவு பழம்பெயரையே போற்றி வருகின்றது.

நீரை விட்டுக் காட்டுக்குச் சென்றால் அட்டாளைச்சேனை வரும். சேனை என்பது காட்டை வெட்டிச் சுட்டு, மழையை நம்பிப் பயிரிடும் நிலம். அட்டாளை என்பது விலங்குகளினின்றும் பயிரைக் காப்பதற்காக மரக்கால்களின் மேல் உயர்த்திக் கட்டிய காவற்பரண். யானையும் பன்றியும் இரவிலே இறங்கிவரும் நிலத்தில், பரணின் மேல் விழித்திருந்து குரல் கொடுத்தவனுடைய உழைப்பு ஓர் ஊரின் பெயராயிற்று. அரசர் பெயரால் அமைந்த ஊர்கள் உலகில் எண்ணில்லாதன உள்ளன. காவற்பரணின் பெயரால் ஒரு பேரூர் அமைந்திருத்தல் உழவருக்கு வாய்த்த சிறப்பு. கல்முனைக்கு அண்மையிலுள்ள சேனைக்குடியிருப்பும், சேனை செய்வோர் நிலையாகத் தங்கிக் குடியிருப்பாளரான வரலாற்றை இரண்டு சொல்லில் அடக்கியுள்ளது.

ஆட்சி முறையைக் காட்டும் பெயர்களும் சில உண்டு. பற்று என்பது பழைய நிருவாகப் பிரிவு. மட்டக்களப்பு நாடு பல பற்றுக்களாகப் பிரிக்கப்பட்டிருந்தது. கல்முனை கரைவாகுப்பற்றைச் சேர்ந்தது. நிந்தவூர், சம்மாந்துறை, பாணமை என்பனவும் தத்தம் பெயராற் பற்றுக்களாயின. அக்கரைப்பற்று என்னும் பெயரிலே ஒரு நுட்பம் உண்டு. தாம் வாழும் கரையை எவரும் அக்கரை என்னார். வடபால் நின்று, இடையே நீரைக் கண்டு, அதற்கப்பாற் கிடந்த நிலத்தைச் சுட்டியோர் இட்ட பெயராதல் வேண்டும். பின்னர் அக்கரையில் வாழ்ந்தோரே அதனைத் தம் ஊர்ப்பெயராக ஏற்றுக்கொண்டனர். மட்டக்களப்பு வாவியின் இருமருங்கும் எழுவான்கரை, படுவான்கரை எனப் பெயர்பெற்றதும் இத்தகைய பார்வையினாலேயாம். ஞாயிறு எழும் பக்கம் எழுவான்கரை. படும் பக்கம் படுவான்கரை.

நிந்தவூரின் பெயர் கண்டியரசின் காலத்தை நினைவூட்டும். கண்டி மன்னர் தம் பிரதானிகளுக்குத் தனியுரிமையாக அளித்த ஊர் 'நிந்தகம' எனப்பட்டது. இவ்விரு சொற்களின் ஒப்புமை கருதத்தக்கது. மட்டக்களப்புப் பகுதி கண்டி மன்னரின் மேலாட்சிக்கு உட்பட்டிருந்தமை வரலாறு. போர்த்துக்கேயரால் மேற்குக் கரையினின்றும் துரத்தப்பட்ட முஸ்லிம்களுள் ஏறத்தாழ 4,000 பேரை 1626ஆம் ஆண்டளவிற் செனரத் மன்னன் மட்டக்களப்புப் பகுதியிலே குடியேற்றினான் என்று நூல்கள் கூறுகின்றன. வந்தவர்களும் முன்பே வாழ்ந்தவர்களும் கலந்து இக்கரையிலே வேரூன்றினர். தாய்வழியாக எண்ணப்படும் 'குடி' என்னும் குலமுறை இங்கு முஸ்லிம்களுக்கும் இந்துக்களுக்கும் பொதுவாயிற்று. அமெரிக்க மானிடவியலறிஞர் டெனிஸ் மக்கில்வ்ரே அக்கரைப்பற்றிலே தங்கி இம்முறையை நெடுங்காலம் ஆராய்ந்து 2008ஆம் ஆண்டில் விரிவான நூல் வெளியிட்டுள்ளார்.

இவ்விடத்தே ஊர்ப்பெயர்கள் கூறும் முதன்மையான உண்மை ஒன்றைக் கருதுதல் வேண்டும். முஸ்லிம்கள் பெருவாரியாக வாழும் மருதமுனையின் பெயரும், இந்துக்கள் வாழும் காரைதீவின் பெயரும் ஒரே வகையில் அமைந்தவை. மரம், மேடு, துறை, பொய்கை, சேனை என்பனவே அவற்றின் உறுப்புகள். சமயச் சார்புடைய பெயர்கள் இல்லாமலில்லை. திருக்கோவில் முருகன் ஆலயத்தாற் பெயர்பெற்றது. திரௌபதையம்மன் ஆலயமும் தீமிதிப்பும் சிறந்த பாண்டிருப்பைப் பாண்டவரோடு இணைத்துப் பொருள் கூறுவர். கல்முனைக்குடியின் கடற்கரைப் பள்ளிவாசலிலே நாகூர் ஆண்டகையின் நினைவாகக் கொடியேற்றம் நிகழ்கின்றது. வழிபாடு ஊருக்கு ஊர் வேறு. ஊர்ப்பெயரின் அடித்தளமோ பெரும்பாலும் பொதுவான நிலமே.

இந்நிலம் கடந்த எழுபத்தைந்து ஆண்டுகளில் முன்னெப்போதும் இல்லாத வேகத்தில் மாறியுள்ளது. 1949ஆம் ஆண்டிற் கல்லோயா அபிவிருத்திச் சபை நிறுவப்பட்டது. இங்கினியாகலையில் ஆறு மறிக்கப்பட்டுச் சேனநாயக்க சமுத்திரம் என்னும் பெருநீர்த்தேக்கம் தோன்றிற்று. ஆற்றின் மேற்பகுதியிற் புதிய குடியேற்றங்கள் எழுந்தன. தாழ்நிலத்து வயல்களுக்கு வாய்க்கால் நீர் ஒழுங்காகக் கிடைக்கலாயிற்று; ஆற்றுவெள்ளத்தின் வேகம் குறைந்தது. அத்துடன் பெயரும் மாறிற்று. பட்டி என்னும் சொல்லால் மாட்டுத் தொழுவங்களை நினைவூட்டிய பட்டிப்பளை ஆறு, அரச ஏடுகளிலும் தேசப்படங்களிலும் கல்லோயா ஆயிற்று. கல்லோயா என்பது கல்லுடைய ஆறு என்னும் பொருளுடைய சிங்களப் பெயர். அதுவும் நிலத்தைக் கண்டு இட்ட பெயரே. மலைச்சாரலிலே ஆற்றைக் கண்டவன் கல்லைக் கண்டான்; சமவெளியிற் கண்டவன் மாட்டுப்பட்டியைக் கண்டான். இரண்டும் உண்மை. ஒன்றைச் சொல்லி மற்றொன்றை மறக்கும்போதே வரலாறு குறைவுபடுகின்றது.

1961ஆம் ஆண்டில் மட்டக்களப்பு மாவட்டத்தின் தென்பாகம் பிரிக்கப்பட்டு அம்பாறை மாவட்டமாயிற்று. கல்லோயாத் திட்டத்தோடு வளர்ந்த அம்பாறை நகரே மாவட்டத்தின் தலைநகராயிற்று; பழைய கரையோர ஊர்கள் யாவும் அப்பெயரின் கீழ் வந்தன. தேர்தல் மாவட்டத்துக்கோ திகாமடுல்ல என்னும் பழம்பெயர் சூட்டப்பட்டது.

2004ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆம் நாள் ஆழிப்பேரலை எழுந்தது. இலங்கையில் மிகுதியான உயிர்களை இழந்த மாவட்டம் அம்பாறையே. பெரியநீலாவணை முதற் காரைதீவு வரையிலும் அதற்குத் தெற்கேயும் கடலோரத் தெருக்கள் தெரு என்று சொல்ல இயலாதவாறு அழிந்தன. பின்னர்க் கிழக்குக் கரையில் 200 மீட்டருக்குள் வீடு கட்டலாகாது என விதிக்கப்பட்டு, அவ்விதி சிறிது காலத்திலே தளர்த்தப்பட்டது. மேட்டைத் தேடிக் குடியேறிய முன்னோர் பிட்டி என்றும் முனை என்றும் பெயரிட்டுச் சென்றதன் பொருளை அந்நாட்களிற் பலர் உணர்ந்தனர். 2013ஆம் ஆண்டில் ஒலுவிலில் துறைமுகம் திறக்கப்பட்டது. கடலோரத்தே நகரும் மணலை அதன் அலைதடுப்புச் சுவர்கள் மறித்தமையால் வடபாற் கரை அரிப்புக்குள்ளாயிற்று. தென்னைகள் கடலிற் சாய்ந்தன. மண்முனையிலே தோணித்துறை இருந்த இடத்தில் 2014ஆம் ஆண்டிற் பாலம் திறக்கப்பட்டது. துறையாற் கடந்த காலம் போய்ப் பாலத்தாற் கடக்கும் காலம் வந்தது.

இத்துணை மாற்றங்களுக்கிடையே பெயர்களுக்கு நேரக்கூடிய தீங்கு யாது? பெயர் அழிதல் ஒன்று. பெயர் திரிக்கப்படுதல் மற்றொன்று. இரண்டாவதே நுண்ணிய தீங்கு. ஓர் ஊரின் பெயருக்கு விருப்பம்போற் பொருள் கூறி, இவ்வூர் எம் முன்னோர்க்கே உரியது, பிறர்க்கு இங்கு இடமில்லை என வழக்காடும் போக்கு பல நாடுகளிற் காணப்படுவது. எல்லைப் பூசல் எழுங்காலங்களில் இலங்கையும் அதற்கு விலக்காவதில்லை. ஊர்ப்பெயர் ஆராய்ச்சி அத்தகைய வழக்குக்குக் கருவியாதல் தகாது. பாலமுனையிலுள்ளது பாலமோ பாலைமரமோ என்பதைப் பெயரை மட்டும் கொண்டு துணிதல் இயலாது. நிலத்தைப் பார்த்தும், பழைய எழுத்தைப் பார்த்தும், முதியோர் ஒலிப்பைக் கேட்டுமே துணிதல் வேண்டும். துணிய இயலாதபோது இரு பொருளையும் எழுதி வைத்தலே நேர்மை.

கிழக்கிலங்கையைப் பற்றிய நூல்கள் சில இத்துறைக்கு அடிகோலியுள்ளன. எஸ். ஓ. கனகரத்தினம் 1921ஆம் ஆண்டில் மட்டக்களப்பு மாவட்டத்தைப் பற்றி ஆங்கிலத்தில் எழுதினார். எப். எக்ஸ். சி. நடராசா பதிப்பித்த 'மட்டக்களப்பு மான்மியம்' 1962இலும், வி. சீ. கந்தையாவின் 'மட்டக்களப்புத் தமிழகம்' 1964இலும் வெளிவந்தன. கவிஞர் நீலாவணன் தாம் பிறந்த பெரியநீலாவணையின் பெயரையே தம் புனைபெயராக்கிக் கொண்டார். ஊர்ப்பெயர் ஒரு கவிஞனுக்கு முகவரியாகவும் முதற்சொல்லாகவும் அமைதல் இம்மண்ணின் மரபு.

ஊரின் பெரும்பெயர் எளிதில் அழியாது. அரசாங்க முத்திரையும் அஞ்சலகமும் அதனைக் காக்கும். காப்பாரின்றி மறைவன சிறுபெயர்களே. ஒவ்வொரு வயல்வெளிக்கும் ஒரு வட்டைப்பெயர் உண்டு. ஒவ்வொரு மடுவுக்கும் ஓடைக்கும் ஒரு பெயர் உண்டு. கரைவலைத் தொழிலாளர் ஒவ்வொரு வாடிக்கும் ஒரு பெயர் வைத்துள்ளனர். வயல் வீட்டுமனையாகும்போது வட்டைப்பெயர் போய்விடுகின்றது. ஓடை தூர்க்கப்படும்போது அதன் பெயரும் தூர்ந்துவிடுகின்றது. அவ்வோடை எங்கே ஓடிற்று என்பதை மறந்து வீடு கட்டியோர் அடுத்த மாரியிலே வெள்ளத்தால் அதனை அறிகின்றனர். எனவே சிறுபெயர்களைத் தொகுத்தல் பழமை விரும்பிகளின் பொழுதுபோக்கு மட்டுமன்று; நிலத்தின் இயல்பை அறிந்து வாழ்வதற்கான வழியுமாகும்.

இப்பணிக்குப் பெரும்பொருள் வேண்டுவதில்லை. ஒலுவிலிலே தென்கிழக்குப் பல்கலைக்கழகம் உள்ளது. ஊர்தோறும் பாடசாலைகள் உள்ளன. மாணவர் தம் பாட்டனாரிடத்தும் பாட்டியாரிடத்தும் கேட்டு, வட்டைப்பெயரும் மடுப்பெயரும் அவை நின்ற இடமும் குறித்து வைப்பின், சில ஆண்டுகளிலே கரைவாகு முதற் பாணமை வரையுள்ள நிலத்தின் பெயர்ப்படம் ஒன்று உருவாகிவிடும். முஸ்லிம் ஊரின் மாணவர் குறித்த ஓடை தமிழர் ஊரினூடாக ஓடுவதையும், அங்கு அது வேறு பெயர் பெறுவதையும், மேலே சென்றால் சிங்களப் பெயரோடு தோன்றுவதையும் அப்படம் காட்டும். நீர் எவ்வாறு எல்லைகளைக் கடந்து ஒன்றாக ஓடுகின்றதோ, அவ்வாறே அவ்வோடையின் மூன்று பெயர்களும் ஒரே படத்தில் ஒருங்கே நிற்கும்.